குறையைச் சொல்லி விற்பது

கூட்டுறவுச் சங்கங்களின் பொதுக்குழுக் கூட்டங்களில் ஆண்டு தவறாமல் எழும் பேச்சு ஒன்று உண்டு. "நம் சரக்கு நல்ல சரக்கு, அதை எடுத்துச் சொல்லி விற்கத்தான் நமக்கு ஆள் இல்லை" என்பதே அது. இழை தப்பாமல் நெய்யும் கைகள், நகரத்து ஜவுளிக் கடையின் கொள்முதல் அறையில் மாதிரித் துணியை விரிக்கும்போது நடுங்குகின்றன. மஞ்சளை முறித்த மாத்திரத்தில் அதன் தரத்தைச் சொல்லிவிடும் விவசாயி, மண்டியில் தம் மூட்டைகளுக்கு அருகே வாய் திறவாமல் நிற்கிறார். குறை உண்மைதான். ஆனால் அதற்கு நாம் தேடும் மருந்துதான் பெரும்பாலும் பொருந்தாதது. வாய்ச்சாலகம் மிக்க ஒருவரைப் பிடித்து அனுப்பிவிட்டால் சரக்கு விலைபோய்விடும் என்று நினைக்கிறோம்.

வள்ளுவர் சொல்வன்மை என்று ஓர் அதிகாரம் வகுத்ததோடு அமையவில்லை. அவையறிதல், அவையஞ்சாமை என்று மேலும் இரண்டு வகுத்தார். பேசத் தெரிவது ஒன்று. யாரிடம் பேசுகிறோம் என்று தெரிவது வேறொன்று. அவர் முன் அஞ்சாதிருப்பது மூன்றாவது. அமைச்சருக்குச் சொன்ன பகுதியில் இவை நின்றாலும், மாதிரி மூட்டையைத் தோளில் சுமந்து கடைப்படி ஏறும் நெசவாளருக்கும் இம்மூன்றும் வேண்டியவையே.

சில ஆண்டுகளுக்கு முன் நானே அவ்வாறு ஒரு படி ஏறினேன். கடையின் பெயர் இங்கு வேண்டா. அரை மணி நேரம் பேசினேன். நூல் விலை ஏறிய கதை, விசைத்தறியின் போட்டி, உறுப்பினர் குடும்பங்களின் துன்பம் அனைத்தையும் உருக்கமாகவே சொன்னேன். கடைக்காரர் மரியாதையாகக் காப்பி வரவழைத்துக் கொடுத்தார். ஆறு சேலைகள் எடுத்துக்கொண்டார். பிறகு அக்கடையிலிருந்து ஒரு கடிதமும் வரவில்லை. அவர் சேலை வாங்கவில்லை, எனக்கு உதவி செய்தார் என்பது வீடு திரும்பும் வழியில் பேருந்தில்தான் எனக்கு விளங்கியது. இரக்கத்தினால் வாங்குபவர் ஒருமுறைதான் வாங்குவார். அந்த அரை மணியில் அவருடைய கடையில் எந்த விலைச் சேலை விரைவில் போகிறது, எது தங்குகிறது, வாங்கிச் செல்லும் பெண்கள் எதைக் குறை சொல்லித் திருப்பிக் கொண்டுவருகிறார்கள் என்று நான் ஒரு கேள்வியும் கேட்கவில்லை.

இனி, நம் ஊர்ப் பெயர் தாங்கிய துணி ஒன்றின் வரலாற்றைப் பார்ப்போம். விற்பனைப் பேச்சைப் பற்றி நெசவாளர் கற்க வேண்டியதில் பெரும்பகுதி அதனுள் அடங்கியிருக்கிறது.

மதராஸ் கட்டம் என்று உலகெங்கும் பேர் பெற்ற துணி அது. பருத்தி நூலில் இயற்கைச் சாயம் ஏற்றிக் கைத்தறியில் நெய்தது. மேற்கு ஆப்பிரிக்காவில் நெடுங்காலமாக அதற்குப் பெரும் கிராக்கி இருந்தது. நைஜீரியாவின் களபாரி மக்கள் அதைத் தங்கள் சடங்குத் துணியாகவே கொண்டனர். 1958-ஆம் ஆண்டு வில்லியம் ஜேக்கப்சன் என்ற அமெரிக்க இறக்குமதியாளர் பம்பாய்க்கு வந்தார். அங்கே ஜவுளி ஏற்றுமதி செய்துவந்தவர் கேரளத்துக் கண்ணூரைச் சேர்ந்த கேப்டன் கிருஷ்ணன் நாயர். பிற்காலத்தில் லீலா ஓட்டல்களை நிறுவியவர். நடந்ததை அவரே பல முறை சொல்லியிருக்கிறார். தென்னாப்பிரிக்காவுக்கென்று நெய்த கட்டத் துணி ஒன்றை அவர் விரித்துக் காட்டினார். சாயத்தின் மணமும் நல்லெண்ணெயின் மணமும் அதில் வீசின. ஜேக்கப்சனுக்கு அது பிடித்துப்போயிற்று. கெஜம் ஒரு டாலர் வீதம் பத்தாயிரம் கெஜத்துக்குப் பேரம் முடிந்தது.

பேரம் முடியும் முன் நாயர் ஒன்று சொன்னார். இத்துணியின் சாயம் கசியும். குளிர்ந்த நீரில், தனியாக, மெல்ல அலச வேண்டும் என்றார். ஜேக்கப்சன் கேட்டுக்கொண்டார், ஆனால் தாம் விற்ற புரூக்ஸ் பிரதர்ஸ் என்னும் பெரிய ஆடை நிறுவனத்துக்கு அதைச் சொல்லாமல் விட்டுவிட்டார். அந்நிறுவனமும் சட்டைகளும் கோட்டுகளும் தைத்து விற்றது. வாங்கியவர்கள் சலவை இயந்திரத்தில் மற்ற துணிகளோடு சேர்த்துப் போட்டார்கள். சிவப்பு நீலத்தில் ஓடிற்று. நீலம் மஞ்சளில் ஓடிற்று. உடன் கிடந்த வெள்ளைத் துணிகளும் நிறம் மாறின. புகார்கள் குவிந்தன. வழக்கு வரும் என்ற நிலை ஏற்பட்டு நாயர் அமெரிக்காவுக்கு அழைக்கப்பட்டார்.

அங்கே நடந்ததுதான் வியப்பு. துணி கசியும் என்பதை மறைக்கவோ மறுக்கவோ அவர்கள் முயலவில்லை. "செவன்டீன்" என்னும் இளம்பெண்களுக்கான பத்திரிகையில் நாயரின் பேட்டியுடன் ஒரு நீண்ட கட்டுரை வெளிவந்தது. கையால் நெய்தது, செடிகொடிகளிலிருந்து எடுத்த சாயம் ஏற்றியது, ஒவ்வொரு சலவைக்குப் பின்னும் நிறங்கள் ஒன்றோடொன்று கலந்து புதுத் துணியாகத் தோன்றும் என்று அது விவரித்தது. அதன் பிறகு "சாயம் கசியும் என்பதற்கு நாங்கள் உத்தரவாதம்" என்றே விளம்பரம் செய்து விற்றார்கள். 1960-களில் அமெரிக்கக் கல்லூரி மாணவரிடையே அது பெரும் மோகமாகப் பரவியது.

இக்கதையைச் சொல்லி, குறையையும் நிறைபோல் காட்டுவதே விற்பனைச் சாமர்த்தியம் என்று சிலர் பாடம் புகட்டுவர். எனக்கு அதில் உடன்பாடில்லை. முதற்கண், அன்று விற்றவர்களுக்குக் கிட்டியது பெரும் அதிருஷ்டம். நம் சங்கத்துக்கு ஒரு பத்திரிகையின் பக்கங்கள் அப்படி வாய்க்கும் என்று நம்பி எவரும் நூல் வாங்க இயலாது. இரண்டாவதாக, துணி 1958-இலும் கசிந்தது, பிறகும் கசிந்தது. துணியில் எந்த மாற்றமும் இல்லை. முன்பு வாங்கியவர் ஏமாந்தவர்; பின்பு வாங்கியவர் தெரிந்து வாங்கியவர். நாயர் சொன்ன ஒரு வாக்கியம் கைமாறிக் கைமாறிப் போகும் வழியில் உதிர்ந்துபோனதுதான் முதல் நஷ்டம். அதே வாக்கியம் விளம்பரத்தின் தலைப்பில் ஏறியதுதான் பிறகு வந்த லாபம்.

நம் சரக்குகளுக்கும் இத்தகைய வாக்கியங்கள் உண்டு. கையால் சாயம் தோய்த்த நூலில் ஒரு தொட்டிக்கும் அடுத்த தொட்டிக்கும் நிறம் சற்றே மாறும். ஐப்பசி கார்த்திகையில் மழை பிடித்துக்கொண்டால் தெருவில் பாவு நீட்டிக் கஞ்சி போட இயலாது. குழித்தறியில் ஈரம் ஏறும். சொன்ன தேதிக்குச் சேலை வராது. இவற்றைக் கடைக்காரர் கேட்கும்வரை மறைத்து வைப்பது நம் வழக்கம். அவரே கண்டுபிடித்தால் அது குற்றம். நாமே சொன்னால் அது தகவல். "ஐயா, இந்த அரக்கு நிறம் இரண்டு தோய்ப்பில் ஒன்றுபோல் வராது, ஆகையால் ஒரு கடைக்கு வேண்டிய அனைத்தையும் ஒரே தோய்ப்பில் எடுத்துத் தருகிறோம், எண்ணிக்கையை இன்று சொன்னால்தான் அது முடியும்" என்று பேசிப் பாருங்கள். குறையைச் சொன்னதோடு, உடனே முடிவெடுக்க வேண்டிய காரணமும் அதிலேயே வந்துவிடுகிறது. "இன்று ஒரு நாள் மட்டும்" என்று பொய்யாக அவசரப்படுத்தும் கடைத்தெரு வித்தைக்கும் இதற்கும் உள்ள தூரத்தை அங்கத்தினர்கள் உணர்வார்கள். மெய்யான அவசரம் நம் தொழிலிலேயே இருக்கிறது. அதைச் சொல்வதற்குத்தான் நமக்கு நாவெழுவதில்லை.

சொன்னால் மட்டும் போதாது, காட்டவும் வேண்டும். இதற்குக் குஜராத்தின் ஆனந்த் நகர்ப் பால் உற்பத்தியாளர்களின் அனுபவம் ஒன்று உண்டு. 1946 டிசம்பரில் பதிவாகிப் பிற்காலத்தில் அமுல் என்று பேர் பெற்ற கைரா மாவட்டச் சங்கம் அது. எருமைகள் குளிர்காலத்தில் மிகுதியாகப் பால் கறக்கும். பம்பாயோ அந்த மிகுதியை வாங்க மறுத்தது. பாலைத் தூளாக்கினாலன்றி வழியில்லை. எருமைப் பாலை அவ்வாறு தூளாக்க இயலாது என்பது மேல்நாட்டு நிபுணர்களின் உறுதியான கருத்து. சங்கத்தின் மேலாளராக இருந்த வர்கீஸ் குரியனும், அவருடைய நண்பரும் பால்துறை வல்லுநருமான தலாயாவும் பம்பாயிலுள்ள இயந்திர விற்பனையாளரிடம் சென்றனர். வாதம் வளர்ந்தது. தலாயா வாதத்தை நிறுத்தி, வண்ணம் தெளிக்கும் கருவி ஒன்றும் காற்றைச் சூடாக்கும் கருவி ஒன்றும் கேட்டார். சூடான காற்றில் எருமைப் பாலைத் தெளித்தார். தூள் விழுந்தது. குரியன் தம் நினைவு நூலில் இதை விவரித்திருக்கிறார். பின்னர் ஐக்கிய நாடுகளின் குழந்தைகள் நிதியம் இயந்திர உதவிக்கு முன்வந்தது. ஈடாகக் குழந்தைகளுக்கு இலவசப் பால் வழங்கச் சங்கம் ஒப்புக்கொண்டது. 1955 அக்டோபர் 31-ஆம் நாள் பிரதமர் நேரு அந்தத் தொழிற்சாலையைத் திறந்துவைத்தார்.

கடையின் மேசைமேல் நாம் செய்து காட்டக்கூடியவை எத்தனையோ உள்ளன. பட்டுச் சேலையானால் பாவிலிருந்தும் ஊடையிலிருந்தும் ஓர் இழை உருவி நெருப்பில் காட்டுங்கள். மெய்யான பட்டு முடி கருகும் நாற்றம் வீசி, விரலில் நசுங்கிச் சாம்பலாகும். செயற்கை இழை உருகி மணிபோல் இறுகும். கோர்வைச் சேலையில் உடலும் கரையும் பின்னிச் சேரும் இடத்தைத் திருப்பிக் காட்டிக் கடைக்காரரையே இழுத்துப் பார்க்கச் சொல்லுங்கள். விரலி மஞ்சளானால் நாம் பொறுக்கி எடுத்த விரலியை முறிப்பதைவிட, வாங்குபவரைக் கொண்டே மூட்டையின் நடுவிலிருந்து ஒன்றை எடுக்கச் செய்வது நூறு சொற்களுக்குச் சமம். பட்டு முத்திரை, கைத்தறி முத்திரை, புவிசார் குறியீடு ஆகியவையும் இவ்வகையினவே. ஈரோட்டு மஞ்சளுக்கு 2019-இல் அக்குறியீடு கிடைத்தது. ஆனால் முத்திரையைச் சுட்டிக் காட்டிவிட்டு வாளாவிருப்பவர், அது எதை உறுதி செய்கிறது என்று கடைக்காரர் கேட்கும் வேளையில் விழிக்கிறார். அதையும் தெரிந்துகொண்டு போவது நலம்.

விலைப் பேச்சுக்கு வருவோம். மாட்டுத் தாவணிகளில் துண்டுக்குள் விரல் பிடித்து விலை பேசும் முறையை நம்மில் பலர் கண்டிருக்கிறோம். தரகர் இருவருக்குத் தெரிந்த விலை, மாட்டுக்கு உடையவருக்குத் தெரியாமல் இருப்பதற்கு ஏற்பட்ட துண்டு அது. அத்துண்டு இன்று வேறு வடிவங்களில் இருக்கிறது. "நீங்களே ஒரு விலை சொல்லுங்கள்" என்று கடைக்காரரிடம் விட்டுவிடுவதை நாம் பணிவு என்று எண்ணுகிறோம். அது நம் கண்ணை நாமே மூடிக்கொள்வதாகும். முதலில் காதில் விழும் எண் மனத்தை எவ்வளவு பிணிக்கும் என்பதை டிவெர்ஸ்கி, கானமன் என்ற இரு உளவியலறிஞர்கள் 1974-இல் எழுதிய கட்டுரையில் காட்டினார்கள். எண் பொறித்த சக்கரம் ஒன்றைச் சுழற்றினார்கள். அது 10-இலோ 65-இலோ மட்டுமே நிற்கும்படி முன்பே அமைக்கப்பட்டிருந்தது. பிறகு, ஐக்கிய நாடுகள் சபையில் ஆப்பிரிக்க நாடுகள் நூற்றுக்கு எத்தனை என்று கேட்டார்கள். 10-ஐக் கண்டவர்களின் நடுத்தர மதிப்பீடு 25. 65-ஐக் கண்டவர்களின் நடுத்தர மதிப்பீடு 45. சக்கரத்துக்கும் கேள்விக்கும் எவ்விதத் தொடர்பும் இல்லை. தொடர்பில்லாத எண்ணே இவ்வாறு இழுக்குமானால், கடைக்காரர் சேலையைத் தள்ளிவைத்துக்கொண்டே சொல்லும் எண் என்ன செய்யாது? ஆகவே நூல், சாயம், பாவு, கூலி, சங்கச் செலவு என்று காகிதத்தில் கணக்கெழுதி எடுத்துச் சென்று, விலையை நாமே முதலில், தெளிவாக, ஒரே முறை சொல்ல வேண்டும். சொன்ன பின் மௌனமாக இருக்க வேண்டும். அந்த மௌனம் நமக்குப் பெரும் கடினம். அதை நிரப்பத்தான் "வேண்டுமானால் சற்றுக் குறைத்துக்கொள்ளலாம்" என்று, கேட்பார் கேட்குமுன்னே சொல்லி விடுகிறோம்.

குறைக்க வேண்டிய இடமும் உண்டு. ஆனால் ஒன்றைக் கொடுத்தால் ஒன்றைப் பெற வேண்டும். இருபது சேலைக்குப் பதில் அறுபது எடுத்தால் இவ்வளவு, சரக்கு இறக்கிய அன்றே பணம் தந்தால் இவ்வளவு என்று சொல்வது பேரம். வெறுமனே இறங்கினால், முதலில் சொன்ன விலை பொய் என்று நாமே ஒப்புக்கொண்டதாகும்.

இவை எல்லாவற்றுக்கும் அடியில் ஒன்று இருக்கிறது. ஃபிஷர், யூரி என்பவர்கள் பேச்சுவார்த்தையைப் பற்றி 1981-இல் வெளியிட்ட புகழ்பெற்ற நூலில் அதை வற்புறுத்தினார்கள். பேச்சு முறிந்தால் நமக்கு வேறு என்ன வழி இருக்கிறதோ, அதுவே நம் பேச்சின் பலம் என்றார்கள். அறுவடை அன்றே விற்றாக வேண்டிய விவசாயிக்கு எந்தப் பேச்சுக் கலையும் பயன் தராது. அவருடைய முகமே விலையைச் சொல்லிவிடும். ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்தின் கிடங்கில் மூட்டையை இருப்பு வைத்து, அதன்மேல் பொருளீட்டுக் கடன் பெற்று, விலை வரும்வரை காத்திருக்க முடிந்தவர் அதே வியாபாரியிடம் வேறு குரலில் பேசுகிறார். நெசவாளருக்கும் இவ்வாறே. தீபாவளிக்கு முன் வியாபாரி அன்போடு நீட்டும் முன்பணம் பற்றி அங்கத்தினர்கள் நன்கு அறிவார்கள். கொடுத்தவருக்குத் திருப்பிச் செய்ய வேண்டும் என்ற உணர்ச்சி மனித இயல்பு. அமெரிக்க உளவியலறிஞர் சியால்டினி 1984-இல் எழுதிய நூலில் மனிதரை இணங்கச் செய்யும் விசைகளுள் அதையும் ஒன்றாகக் காட்டினார். முன்பணம் வாங்கிய கை, விலை குறைத்துக் கேட்கும்போது "முடியாது" என்று எழுவதில்லை. தறிக்காரர் வியாபாரியிடம் கைநீட்டாமல் சங்கத்தில் நூலும் கூலியும் பெறுவதன் பயனை நாம் கூலிக் கணக்கில் மட்டும் பார்க்கிறோம். வியாபாரியின் முன்னிலையில் மறுத்துப் பேசும் உரிமையும் அத்துடன் வருகிறது.

பேச்சை முடிக்கும் இடத்தில் நம்மவர் பெரும்பாலும் தவறுகிறார்கள். மாதிரி காட்டி, விலை சொல்லி, கடைக்காரரும் தலையசைத்த பிறகு, "சரி, பார்த்துச் செய்யுங்கள்" என்று எழுந்து வந்துவிடுகிறார்கள். அத்துடன் அந்த வியாபாரம் காற்றில் போயிற்று. "அறுபது சேலை, ஆடி முப்பதுக்குள் இறக்கிவிடுகிறோம், எழுதிக்கொள்ளலாமா?" என்று கேட்டுவிட வேண்டும். இல்லை என்றால் இல்லை, காரணம் கேளுங்கள். அந்தக் காரணம் அடுத்த முறைக்கு முதலாகும். ஆம் என்றால் அங்கேயே எழுதுங்கள். எண்ணிக்கை, அகல நீளம், நூல் நம்பர், நிறம், இறக்கும் தேதி, பணம் தரும் தேதி, பழுது வந்தால் யார் ஏற்பது என்ற ஏழும் ஒரே தாளில் இருக்கட்டும். ஆர்டர் எழுதும் முன் எத்தனை தறி ஓடுகிறது என்று மனத்துக்குள் எண்ணிப் பாருங்கள். பெரிய ஆர்டரின் மகிழ்ச்சியில் தறிக்கு மிஞ்சி ஒப்புக்கொண்டு, பிறகு வெளிச் சரக்கை வாங்கி நம் முத்திரையில் கலந்து அனுப்ப நேர்ந்தால், சங்கத்தின் பெயர் அத்தோடு போயிற்று. அவ்விடத்தில் "முப்பதுதான் இயலும்" என்று சொல்லி வருவதே நல்ல விற்பனை.

பணம் தரும் தேதியை எழுதுவதற்குச் சட்டத்தின் பலமும் உண்டு என்பது பலருக்குத் தெரிவதில்லை. குறு, சிறு, நடுத்தரத் தொழில்கள் மேம்பாட்டுச் சட்டம் 2006-இல் இயற்றப்பட்டது. அதன்படி, குறு, சிறு தொழிலாரிடம் சரக்கு வாங்குபவர் எழுத்து மூலம் ஒப்புக்கொண்ட தேதிக்குள் பணம் தர வேண்டும். அத்தேதி சரக்கை ஏற்ற நாளிலிருந்து 45 நாட்களுக்கு மேற்படலாகாது. தேதி எழுதாவிடில் 15 நாட்களே தவணை. தவறினால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி விகிதத்தைப்போல் மும்மடங்கு கூட்டு வட்டி தர வேண்டும். சரக்கு இறங்கிய 15 நாட்களுக்குள் எழுத்து மூலம் ஆட்சேபம் வராவிட்டால் சரக்கு ஏற்கப்பட்டதாகவே கொள்ளப்படும். அத்தகைய தொழிலாரின் பொருளை விற்கும் கூட்டுறவுச் சங்கமும் இச்சட்டத்தின் வரையறைக்குள் வருகிறது. ஆயினும் முறையான பதிவும், சரக்கு இறக்கியதற்குக் கையொப்பமிட்ட சீட்டும் கையில் இருக்க வேண்டும். மூன்று தீபாவளி கடந்தும் பாக்கி வராமல் கடைவாசலில் நின்ற செயலாளர்களை நான் அறிவேன். அவர்கள் அனைவரிடமும் சேலைகளின் எண்ணிக்கை நினைவில் இருந்தது, சீட்டுத்தான் இல்லை.

இன்னொரு சீட்டைப் பற்றியும் சொல்லி முடிக்கிறேன். பம்பாயில் 1958-இல் நாயர் வாயால் சொன்ன எச்சரிக்கை அமெரிக்கா போய்ச் சேரவில்லை. நம் கொள்முதல்காரர்களிடம் நாம் சொல்வதும் அவர்களுடைய விற்பனைப் பையன்வரை போய்ச் சேரும் என்பதற்கு உறுதியில்லை. அதனால், அடுத்த மாதிரி மூட்டை கட்டும்போது ஒவ்வொரு சேலையின் ஓரத்திலும் விரல் நீளத் துணித் துண்டு ஒன்று தைத்து, எந்த நீரில், எதனோடு சேர்க்காமல், எந்த நிழலில் உலர்த்த வேண்டும் என்று அச்சிட்டுவிடலாம். தமிழில் மட்டுமன்றி, அது போய்ச் சேரும் ஊரின் மொழியிலும் அச்சிட வேண்டும். செலவு சேலைக்குச் சில காசுகள். எழுத வேண்டிய வாக்கியத்தைச் சாயப் பட்டறையில் நாளெல்லாம் நூலோடு நிற்பவரிடம் கேட்டு எழுதுங்கள். அலுவலகத்தில் இருப்பவர்களைவிட அவருக்கே அது நன்றாகத் தெரியும்.